இடுப்பில் வெள்ளைத் துண்டு

அது தேமாவ் இல்லை. தேமாவாக இருக்க வழியே இல்லை. மாமன் மகன் தேமாவ் இந்நேரம் ஊரில் மல்பெரி இலை பறித்துக்கொண்டிருப்பான், அல்லது பறிக்கிறேன் என்று சொல்லிவிட்டு மரத்தடியில் படுத்துத் தூங்கிக்கொண்டிருப்பான். நான்கிங் நகரம் எங்கே, அந்த மலையடிவாரம் எங்கே. படகிலும் நடையிலுமாக அவ்வளவு தூரம் வந்து, அரசாங்கப் பரீட்சைக் கோட்டத்து வாசலில், இந்த ஆற்றங்கரையில், இத்தனை ஆயிரம் பேருக்கு நடுவில் அவனுக்கு என்ன வேலை. வரிசையில் நின்ற யான் சூபெய் தலையைத் திருப்பாமல் கண்ணை மட்டும் ஓரத்துக்கு ஓட்டினான். பாலத்தருகே, எள்ளு ரொட்டி விற்கிறவளின் அடுப்புப் புகைக்குப் பின்னால், உயரமான ஓர் ஆள் எட்டி எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தான். ஒரு பக்கத் தோள் சரிந்திருந்தது. தேமாவுக்கும் தோள் சரிந்துதான் இருக்கும், சின்ன வயதில் மரத்திலிருந்து விழுந்து எலும்பு கோணலாகக் கூடிவிட்டது. உலகத்தில் எத்தனையோ பேர் மரத்திலிருந்து விழுகிறார்கள். புகை விலகியது. அந்த ஆளின் இடுப்பில் ஒரு வெள்ளைத் துண்டு கட்டியிருந்தது. சூபெய் முன்னால் நின்றவரின் முதுகுக்குப் பின்னால் குனிந்து, காலணியைச் சரிசெய்கிற பாவனையில் உட்கார்ந்துவிட்டான்.

வெள்ளை என்றால் சாவு. கல்யாணத்துக்குச் சிவப்பு, சாவுக்கு வெள்ளை, இது பால்குடிக்கிற பிள்ளைக்குக்கூடத் தெரியும். யாருடைய சாவு என்பதுதான் கேள்வி. தாயோ தகப்பனோ செத்த சேதி காதில் விழுந்த நிமிடமே மகன் கையில் இருப்பதைப் போட்டுவிட்டு ஊர் திரும்ப வேண்டும். மந்திரியாக இருந்தாலும் முத்திரையை ஒப்படைத்துவிட்டுக் கிளம்ப வேண்டும். மூன்று வருடம் துக்கம். இறைச்சி கிடையாது, பாட்டு கிடையாது, பதவி கிடையாது, பரீட்சை கிடையாது. மூன்று வயது வரை பிள்ளை தாயின் இடுப்பை விட்டு இறங்குவதில்லை, அந்தக் கடனுக்குத்தான் இந்த மூன்று வருடம் என்று நியாயம் சொல்வார்கள். சேதி தெரிந்தும் மறைத்துவிட்டு உள்ளே போய் எழுதினால் பிரம்படி, பட்டம் பறிப்பு, அவனுக்காகக் கையெழுத்துப் போட்ட ஊர்ப் பெரியவர்களுக்கும் அவமானம். ஆனால் தெரியாமல் எழுதினால் குற்றம் இல்லை. சட்டம் அதில் தெளிவாக இருக்கிறது. காதில் விழவில்லை என்றால் சாவு நடக்கவில்லை. சூபெய் காலணியின் நாடாவை அவிழ்த்தான், மறுபடி கட்டினான். அப்பா செத்து எத்தனையோ காலம் ஆகிவிட்டது. உயிரோடு இருப்பது அம்மா ஒருத்திதான். அவளைப் படுக்கையில் விட்டுவிட்டுத்தான் அவன் கிளம்பி வந்திருக்கிறான்.

"காலணியில அப்படி என்னய்யா வேலை? ரெண்டு காலும் உள்ளதானே இருக்கு?" என்று பின்னாலிருந்து கேட்டவர் போயான். அதே ஊர்க்காரர், பருத்த உடம்பு, இந்தப் பரீட்சையில் தோற்றுத் தோற்றுத் தோல்வியோடு சிநேகமாகிப்போனவர். உள்ளே போனால் சரியான சாப்பாடு கிடைக்காது என்கிற ஒரே கவலையோடு வந்திருக்கிறார். "கல்லு குத்துது" என்றான் சூபெய். குரல் தன்னுடையது மாதிரி இல்லை. போயான் அதைக் கவனிக்கவில்லை, எள்ளு வாசனை வரும் திசையில் மூக்கைத் தூக்கிக்கொண்டிருந்தார். அவருக்கு என்ன, ஜெயித்தாலும் சாப்பிடுவார், தோற்றாலும் சாப்பிடுவார். சூபெய்க்கு இது கடைசி முறை. யாரிடமும் சொல்லவில்லை, அம்மாவிடம்கூடச் சொல்லவில்லை, கண்ணில் பனி இறங்க ஆரம்பித்துவிட்டது. தூரத்து முகங்கள் கரைந்துபோகின்றன, கிட்டத்து எழுத்துகளுக்கு ஓரம் முளைக்கிறது. இந்த முறை விட்டால் அடுத்தது மூன்று வருடம் கழித்து. அதற்குள் இந்தப் பனி மூடிவிடும், தாளில் தன் கையையே தேட வேண்டியிருக்கும். சிறு வயதிலிருந்து படித்ததெல்லாம் மண்டைக்குள் கிடந்து மக்கிப்போகும். நல்ல வேளை என்றும் ஒரு பக்கம் தோன்றியது. இப்படிப்பட்ட கண்ணை வைத்துக்கொண்டு பாலத்தருகே நிற்பவன் தேமாவ்தான் என்று யார் சத்தியம் செய்ய முடியும். வெயிலுக்குத் தலையில் கட்டியிருந்த துண்டை அவிழ்த்து இடுப்பில் சுற்றியிருக்கக் கூடாதா.

துண்டுதான். வியர்வை துடைக்கிற துண்டு. அப்படியே துக்கத் துணியாக இருந்தாலும் அதிலும் தரம் இருக்கிறதே. பெற்றவர்களுக்கு என்றால் ஓரம் மடிக்காத முரட்டுச் சணல், உறவு தூரம் போகப் போகத் துணி மெல்லிசாகும், மாதங்கள் குறையும். கட்டிக்கொடுத்த அத்தைக்கு இவ்வளவு, மாமனாருக்கு இவ்வளவு என்று ஒவ்வொன்றுக்கும் அளவு உண்டு. எல்லாம் சூபெய்க்கு மனப்பாடம், நடு ராத்திரியில் எழுப்பிக் கேட்டாலும் ஒப்பிப்பான். சூபெய்யின் அம்மா தேமாவுக்கு அத்தை. அத்தை செத்தால் அவன் கட்ட வேண்டியது நடுத்தர முரடு. அந்தத் துண்டு நடுத்தர முரடா, மெல்லிசா. எழுந்து ஒரு தடவை நன்றாகப் பார்த்தால் தெரிந்துவிடும். பார்த்தால் அவனும் பார்த்துவிடுவான். இத்தனை படித்தும் ஒரு முழத் துணியின் முரட்டுத்தனத்தைத் தூரத்திலிருந்து சொல்லத் தெரியவில்லை. ஊர் ஊராக உள்ளே அழைப்பதற்காக நட்டிருந்த கொடிகளின் பக்கத்திலிருந்து ஓர் ஊரின் பெயரை உரக்கக் கூப்பிட்டார்கள். அவர்கள் ஊர் இல்லை. வரிசை ஓர் அடி நகர்ந்தது. அவன் குந்தியபடியே தன் கூடையைத் தள்ளிக்கொண்டு நகர்ந்தான், கூடைக்குள் மைக்கல்லும் தூரிகைகளும் அம்மா சுட்டுக் கட்டிக்கொடுத்த அரிசி அப்பங்களும் இடித்துக்கொண்டன.

பரீட்சைக் கட்டுரைக்கு ஒரு வார்ப்பு உண்டு. எட்டுக் கால் கட்டுரை என்பார்கள். எதைச் சொன்னாலும் ஜோடியாகச் சொல்ல வேண்டும், இந்தப் பக்கம் ஒன்று என்றால் அந்தப் பக்கம் அதே நீளத்தில் ஒன்று, இரண்டும் தோளோடு தோள் நிற்க வேண்டும். வருடக்கணக்கில் அப்படி எழுதி எழுதி அவன் யோசிப்பதே அப்படி ஆகிவிட்டிருந்தது. மகன் தாயின் சாவை அறியாமல் இருந்தால் அவன் துக்கம் தள்ளிப்போகிறது, ஆனால் கெடுவதில்லை. மகன் தாயின் கனவை நிறைவேற்றினால் அவள் ஆன்மா குளிர்கிறது, ஆனால் நீங்குவதில்லை. ஆகா, என்ன பொருத்தம். பரீட்சகர் ஓரத்தில் சிவப்பு வட்டம் போடுவார். அடுத்த ஜோடி. பழைய வம்சங்களில் எவனோ ஒரு தளபதி தாயின் சாவுக்கு ஊர் போகாமல் களத்திலேயே நின்றான், எத்தனை போரில் ஜெயித்தும் வரலாற்றில் அவன் பெயருக்கு அருகில் அந்த ஒரு வரி ஒட்டிக்கொண்டேயிருக்கிறது. இன்னொரு காலத்தில் ஒரு மந்திரியை அரசனே போகாதே என்று தடுத்து வைத்தான், அரசனை ஒன்றும் சொல்ல முடியாத அறிஞர்கள் மந்திரியின் முகத்தில் காறித் துப்பினார்கள். இவையும் ஜோடி சேர்கின்றன, வேண்டாத பக்கமாகச் சேர்கின்றன. அவன் பல்லைக் கடித்துக்கொண்டு அந்த ஜோடியைத் தலையிலிருந்து துரத்தினான். அது போகவில்லை. அந்தத் தளபதிக்காவது சேதி வந்து சேர்ந்தது, எனக்கு வரவில்லையே என்று அவனோடு சண்டை போட்டான்.

அம்மா சொல்லியிருக்கிறாள், அதுதான் பலமான சாட்சி. கிளம்புகிற அன்று காலையில் அவளால் எழுந்து உட்கார முடியவில்லை. இருமல் வந்தால் முதுகு வில்லாக வளைகிறது. அப்படி இருந்தும் முந்தின நாள் சுவரைப் பிடித்துக்கொண்டு அடுப்படிக்கு வந்து அந்த அப்பங்களைச் சுட்டிருக்கிறாள். எல்லோரும் இருக்கும்போதே சொன்னாள், தேமாவும் நின்றுகொண்டிருந்தான், "எனக்கு என்ன ஆனாலும் பரீட்சை முடியிற வரைக்கும் அவன்கிட்ட ஒரு வார்த்தை போகக் கூடாது. போனா என் நெஞ்சு வேகாது" என்று. பிறகு இவனிடம், "வாசலைத் தாண்டினா திரும்பிப் பார்க்காம போ. நீ திரும்பித் திரும்பிப் பார்க்கிறவன், அதனாலதான் ஒவ்வொரு தடவையும் கோட்டை விடுறே" என்றாள். அவன் திரும்பிப் பார்த்தான். அவள் முகத்தைச் சுவர்ப் பக்கம் வைத்துக்கொண்டிருந்தாள். அப்படிச் சொன்னவளின் பேச்சை மீறி யார் சேதி கொண்டுவருவார்கள். ஆகவே அம்மா சாகவில்லை. ஆகவே அது தேமாவ் இல்லை. தேமாவாக இருந்தால்? தேமாவ் வெள்ளந்தி. ரகசியத்தை வயிற்றில் வைத்துக்கொண்டு அவனால் சோறு தின்ன முடியாது. செத்தவளுக்குக் கொடுத்த வாக்கைவிட உயிரோடு இருப்பவனிடம் உண்மையைச் சொல்வதுதான் முறை என்று எவனாவது பூசாரி சொல்லியிருந்தால் போதும், அந்த நிமிடமே துண்டைக் கட்டிக்கொண்டு கிளம்பியிருப்பான்.

"நான் போய் ரெண்டு ரொட்டி வாங்கிட்டு வந்துடறேன், இடத்தைப் பார்த்துக்க" என்று போயான் வரிசையை விட்டு விலகினார். சூபெய்க்கு ஒரு கணம் கழித்துத்தான் உறைத்தது. ரொட்டிக்காரி பாலத்தருகே இருக்கிறாள். வெள்ளைத் துண்டுக்காரன் ரொட்டிக்காரியருகே இருக்கிறான். ஊர்க்காரனை ஊர்க்காரன் அடையாளம் கண்டுகொள்ள எவ்வளவு நேரமாகும். "அண்ணே, வேணாம், இப்ப கூப்பிட்டுருவாங்க" என்றான். "கூப்பிட்டா ஓடி வரேன், எனக்குக் கால் இல்லையா?" என்று சொல்லிவிட்டு அந்தப் பெரிய உடம்பு கூட்டத்தைப் பிளந்துகொண்டு போயிற்று. சேதி தேமாவின் வாயிலிருந்து போயானின் காதுக்குப் போகும், போயானின் வாயிலிருந்து, அந்த வாய் என்றைக்கு மூடியிருந்தது, நேராக இங்கே வரும். எள்ளு ரொட்டியோடு சேர்த்துக் கொண்டுவந்து கொடுப்பார். அதற்குள் உள்ளே போய்விட வேண்டும். சூபெய் எழுந்தான். குனிந்த தலையோடு முன்னால் நின்ற கிழவரைச் சுற்றிக்கொண்டு ஒருவரைத் தாண்டினான், இன்னொருவரைத் தாண்டினான். "என்ன அவசரம், உள்ளே விருந்தா வச்சிருக்கான்?" என்று யாரோ திட்டினார்கள். திட்டட்டும். யார் திட்டினாலும் பரவாயில்லை, ஒருவன் மட்டும் வாயைத் திறக்காமல் இருந்தால் போதும்.

அப்பா செத்த வருடம் ஞாபகம் வந்தது. வரக் கூடாத நேரத்தில் வந்தது. வசந்த காலம், பட்டுப்புழுக்கள் கூடு கட்டுவதற்கு முந்தைய கடைசித் தூக்கம் முடிந்து எழுந்திருந்தன. அப்பா உப்புப் படகில் கணக்கெழுதப் போயிருந்தார். ஒரு நாள் மதியம் வாசலில் ஓர் ஆள் வந்து நின்றான், வெள்ளைத் துணி கட்டியிருந்தான். புழு அறைக்குச் சாவு வீட்டுக்காரர்கள் ஆகாது, துக்கம் பட்டால் புழு கூடு கட்டாமல் சுருண்டுவிடும் என்று அவர்கள் பக்கத்துப் பெண்கள் நம்புவார்கள். அம்மா கைநிறைய இலையோடு உள்ளேயிருந்தபடியே சத்தம் போட்டாள், "அங்கேயே நில்லு. எதையும் சொல்லாதே. புழு கூடு கட்டி முடிக்கட்டும், அப்புறம் வந்து சொல்லு." அந்த ஆள் வாயைத் திறந்தான், மூடினான், போய்விட்டான். அம்மா கூடு கட்டி முடிகிற வரை இலை போட்டாள். சூபெய் சின்னப் பையன், அம்மா ஏன் சாப்பிடவில்லை என்று அவனுக்கு விளங்கவில்லை. இலையெல்லாம் ஈரமாக இருந்தது, ஈர இலை புழுவுக்கு ஆகாது என்று அவளே ஒவ்வொன்றாகத் துடைத்துத் துடைத்துப் போட்டாள். பிறகு ஒரு காலையில் கூந்தலை அவிழ்த்துவிட்டுக்கொண்டு வாசலில் வந்து உட்கார்ந்து, "இப்பச் சொல்லு" என்று ஆள் அனுப்பினாள். அவளும் காதைப் பொத்திக்கொண்டவள்தான். அப்படியென்றால் நான் செய்வதும் அவள் செய்ததே. அந்தப் பட்டில்தான் நான் படித்தேன். இந்த நினைப்பு அவனை ஏறக்குறைய நிமிர வைத்தது. ஆனால் அவள் எனக்காகப் பொத்திக்கொண்டாள். நான் யாருக்காக? அவளுக்காகத்தான் என்று உடனே பதில் சொன்னான். அந்தப் பதில் ஜோடியில்லாமல் ஒற்றையாக நின்றது, எதிர்ப் பக்கத்துக்கு வரி கிடைக்கவில்லை.

அவர்கள் ஊர்க் கொடியை ஆட்டினார்கள். ஊர்ப் பெயரைக் கூப்பிட்டார்கள். கூட்டம் ஒரே மூச்சாக முன்னால் தள்ளியது, அவன் கால் தரையில் பாவவில்லை. அப்போதுதான் அந்தச் சத்தம் கேட்டது. "நாய்க்குட்டி! ஏய், நாய்க்குட்டி!" சூபெய்யின் வீட்டுப் பெயர் அது. அழகான பெயர் வைத்தால் சாவு வந்து தூக்கிக்கொண்டு போய்விடும் என்று பயந்து பிள்ளைகளுக்கு இப்படி ஏதாவது ஒரு பெயரை வீட்டில் வைத்துக் கூப்பிடுகிற தேசம். ஆகவே அந்தக் கூப்பாட்டுக்கு வரிசையில் இருந்த பட்டுத் தலைப்பாகைக்காரர்களில் பல பேர் திரும்பினார்கள். நரைத்த தாடிக்காரர் ஒருவர், "யாரு, என்னையா?" என்று கேட்டேவிட்டார். சிரிப்பலை எழுந்தது. சூபெய் சிரிக்கவில்லை. எத்தனை நாய்க்குட்டிகள் இந்த வாசலில், அது நானாகத்தான் இருக்க வேண்டுமா என்று தனக்குள் வாதாடினான். ஆனால் அந்தக் குரலில் ஒரு சின்ன உடைசல் இருந்தது, 'ட்டி' என்று முடிக்கும்போது மேலே ஏறிக் கிழியும். சின்ன வயதில் குளத்துக்குக் கூப்பிடும்போதும் அப்படித்தான் கிழியும். கழுத்து தானாகத் திரும்பிவிட்டது. கூட்டத்தின் தலைகளுக்கு மேலே சரிந்த தோளும் தூக்கிய கையும் தெரிந்தன, முகம் தெரிந்தது, பனி படர்ந்த கண்ணுக்குக்கூட அது தேமாவின் முகம்தான். அவனும் பார்த்துவிட்டான். வாய் எதையோ சொல்லத் திறந்தது. அவன் கையை வேகமாக ஆட்டினான், பாதி அழைப்பது போலவும் பாதி விரட்டுவது போலவும் இருந்தது. சூபெய் முகத்தைத் திருப்பிக்கொண்டான். தெரியாதவனைப் பார்த்துவிட்டுத் திரும்புகிறவன் எப்படித் திரும்புவானோ அப்படி, நிதானமாகத் திருப்பிக்கொண்டான். பிறகு நடந்தான்.

வாசலில் காவலர்கள் சோதனை போட்டார்கள். தலைமுடியை அவிழ்க்கச் சொன்னார்கள், காலுறையைக் கழற்றச் சொன்னார்கள், மேலங்கியின் தையலை விரலால் நெருடிப் பார்த்தார்கள். சீக்கிரம், சீக்கிரம் என்று உள்ளுக்குள் கதறினான். "இது என்ன?" என்றான் ஒரு காவலன், அப்பப் பொட்டலத்தைப் பிரித்தபடி. "அப்பம். எங்க அம்மா சுட்டது" என்றான் சூபெய். "எல்லாருக்கும் அம்மாதான் சுடுறாங்க. போன தடவை ஒருத்தன் அம்மா அப்பத்துக்குள்ள ஒரு புத்தகத்தையே வச்சுச் சுட்டிருந்தாங்க" என்று சொல்லிக்கொண்டே ஒவ்வொன்றாகப் பிய்த்தான். உள்ளே பேரீச்சம்பழம் வைத்திருந்தாள், காவலனின் விரலில் ஒட்டியது, அவன் அதை நக்கிக்கொண்டான். துண்டு துண்டாகக் கூடையில் கொட்டினான். "போ" என்றான். சூபெய் அவிழ்ந்த தலைமுடியோடும் வெறுங்காலோடும் அந்த உயரமான வாசல்படியைத் தாண்டினான். தாண்டும்போதுதான் உறைத்தது. தலையை அவிழ்த்துப் போட்டுக்கொண்டு வெறுங்காலோடு நடப்பது, தாயின் சாவுச் சேதி கேட்ட மகன் செய்ய வேண்டிய முதல் காரியம். பக்கத்தில் எல்லோரும் அதே கோலத்தில்தான் போனார்கள், இருந்தாலும் அவன் ஓர் ஓரமாக நின்று அவசர அவசரமாகக் கொண்டையைப் போட்டுக்கொண்டான்.

கோட்டத்துக்குள் சந்து சந்தாகக் கொட்டடிகள். ஒவ்வொன்றும் ஓர் ஆள் மடங்கி உட்காருகிற அளவுதான், இரண்டு பலகை, ஒன்று உட்கார, ஒன்று எழுத. எல்லோரும் வந்து சேர்ந்ததும் கதவுகளைப் பூட்டி முத்திரை வைப்பார்கள், பிறகு பரீட்சை முடிகிற வரை யாரும் வெளியே போக முடியாது, உள்ளே எவனாவது செத்தால்கூடக் கதவைத் திறக்காமல் சுவருக்கு மேலே தூக்கி வெளியே போடுவார்கள் என்று சொல்வார்கள். சூபெய் தன் கொட்டடியைக் கண்டுபிடித்து, சிலந்தி வலையைத் துடைத்து, பலகையைப் பொருத்தி உட்கார்ந்தான். ஜெயித்துவிட்டேன், ஒன்றும் காதில் விழவில்லை, எனக்கு ஒன்றும் தெரியாது என்று சொல்லிப் பார்த்தான். நிம்மதி வரும் என்று காத்திருந்தான். மதிய வெயில் எதிர்ச் சுவரில் அசையாமல் நின்றது. பக்கத்துக் கொட்டடியில் யாரோ இருமினார்கள். அவனுக்குத் தூக்கிவாரிப் போட்டது. இந்நேரம் குளிப்பாட்டியிருப்பார்கள். மகன் கையால் வாயில் போட வேண்டிய அரிசியை யார் போட்டிருப்பார்கள், தேமாவா? கூரைமேல் ஏறி அவள் சட்டையை ஆட்டி, திரும்பி வா என்று உயிரைக் கூப்பிட வேண்டும், அதை யார் செய்திருப்பார்கள்? நிறுத்து, அவள் சாகவில்லை, உனக்குத்தான் தெரியாதே. தெரியாது என்றால் ஏன் நிற்கவில்லை? தேமாவ் கை ஆட்டினானே, அது சாவைச் சொல்ல வந்தவனின் கையா? சாவைச் சொல்ல வந்தவன் அழுதிருக்க வேண்டாமா? தேமாவ் அழுதானா என்று இந்தக் கண்ணால் எப்படிச் சொல்வது. உடைந்த அப்பத் துண்டு ஒன்றை எடுத்து வாயருகே கொண்டுபோனான். வாய் திறக்கவில்லை. சேதி கேட்டவன் முதல் நாட்களில் எதையும் சாப்பிடக் கூடாது. கேட்கவில்லை, ஆகவே சாப்பிடலாம், சாப்பிட வேண்டும். துண்டைக் கூடைக்குள்ளேயே திரும்ப வைத்தான்.

சந்தின் முனையில் மூச்சிரைக்க ஒரு பெரிய உடம்பு வந்தது. போயான். ஒவ்வொரு கொட்டடியாக எட்டிப் பார்த்துக்கொண்டு வந்தார். சூபெய் சட்டென்று சுவரில் தலையைச் சாய்த்துக் கண்ணை மூடித் தூங்குகிறவன் போல் இருந்தான். "இந்தா இருக்கான்யா. ஏன்யா, உன்னைய எங்கெல்லாம் தேடுறது?" குரல் தலைக்கு மேலே நின்றது. தூங்குகிறவனுக்குக் காது கேட்காது. தோளைப் பிடித்து உலுக்கினார். கண்ணைத் திறக்க வேண்டியதாயிற்று. "உன் மாமன் மகன்..." என்று ஆரம்பித்தார். "சொல்லாதீங்க" என்றான் சூபெய். "அண்ணே, உங்க கால்ல விழறேன், எதையும் சொல்லாதீங்க. முடியட்டும். எல்லாம் முடியட்டும், அப்புறம் சொல்லுங்க." இரண்டு கையாலும் காதைப் பொத்திக்கொண்டான். போயான் அவனை விநோதமாகப் பார்த்தார், பிறகு தன் தடித்த கையால் அவன் ஒரு கையைக் காதிலிருந்து பிய்த்து எடுத்தார். "பைத்தியமாய்யா உனக்கு? உங்கம்மா நல்லா இருக்காங்களாம்யா. எழுந்து உட்கார்ந்து கஞ்சி குடிக்கிறாங்களாம், புழுவுக்கு இலை போடுறாங்களாம். அங்க போய் என்னையே நினைச்சுக்கிட்டு உட்கார்ந்திருப்பான், போய்ச் சொல்லிட்டு வாடான்னு அந்தத் தேமாவைத் துரத்தி விட்டிருக்காங்க."

சூபெய்யின் உதடு அசைந்தது. "துண்டு" என்றான். "இடுப்புல துண்டு." போயான் சிரித்தார். "அது அவன் மாமனாருக்கு. நீ கிளம்பின ரெண்டாம் நாளே கிழவர் போயிட்டாராம். உங்கம்மா படிச்சுப் படிச்சுச் சொன்னாங்களாம், அவனைப் பார்க்கிறதுக்கு முன்னாடி அந்தத் துண்டை அவிழ்த்து மடிச்சு வச்சுக்கடா, பார்த்தா பயந்துருவான்னு. மறந்துட்டேன்னு தலையில அடிச்சுக்கிறான்." ரொட்டியின் கடைசித் துணுக்கை வாயில் போட்டுக்கொண்டு போகத் திரும்பினார், பிறகு ஞாபகம் வந்தவராக நின்றார். "நீ அவனைப் பார்த்தியாம்ல. அவன்தான் சொன்னான், சந்தோஷமா. நல்லாக் கண்ணோட கண்ணு பார்த்தான், ஆனா ஒரு நிமிஷம்கூட நிக்கல, திரும்பியே பார்க்காம விறுவிறுன்னு உள்ள போயிட்டான், இதை அத்தைகிட்டச் சொன்னா பாதிச் சீக்கு போயிரும்னான். திரும்பிப் பார்க்காம போன்னு உங்கம்மா சொல்லி அனுப்பினாங்களாமே. இப்பவே படகு பிடிச்சுப் போறான்." சந்து முனையில் காவலன் அதட்டினான். போயான் தன் கொட்டடியைத் தேடிக்கொண்டு போனார்.

அம்மா இருக்கிறாள். கஞ்சி குடிக்கிறாள். சூபெய்க்குக் குதிக்க வேண்டும் போல் இருந்தது, உண்மையாகவே ஒரு கணம் நெஞ்சு நிறைந்து வழிந்தது, காவலனைக் கூப்பிட்டு அவனிடம்கூடச் சொல்ல வேண்டும் போல் இருந்தது. அடுத்த கணம் அந்தச் சந்தோஷத்தை எங்கே வைப்பது என்று தெரியவில்லை. மனதுக்குள் அவளைக் குளிப்பாட்டி, வாயில் அரிசி போட்டு, கூரைமேல் சட்டையை ஆட்டி முடித்தாயிற்று. எல்லாம் முடித்துவிட்டு, பரவாயில்லை, முதலில் எழுதுகிறேன் என்று உட்கார்ந்தவன் இவன். தேமாவ் நாலு நாளில் வீடு போய்ச் சேருவான். திண்டைச் சாய்த்து அவளை உட்காரவைத்துவிட்டுச் சொல்வான், திரும்பியே பார்க்கவில்லை அத்தை. அவள் சிரிப்பாள். பல் விழுந்த அந்தச் சிரிப்பு. அக்கம்பக்கத்தில் எல்லோரிடமும் சொல்வாள், என் பிள்ளை இந்தத் தடவை திரும்பிப் பார்க்கவில்லை என்று. அப்படியில்லை என்று எந்தக் காலத்திலும் யாரும் சொல்லப் போவதில்லை. அவனும் சொல்லப் போவதில்லை. வாசல் பக்கம் பெரிய கதவுகள் ஒன்றன்பின் ஒன்றாகச் சாத்தப்படும் சத்தம் கேட்டது.

காவலன் வந்து பரீட்சைத் தாளை வைத்துவிட்டுப் போனான். கேள்வி மறுநாள்தான், ஆனால் முகப்பை இன்றே நிரப்பிவிட வேண்டும். பெயர், ஊர், மூன்று தலைமுறை. பிறகு பெற்றோர் இருவரும் இருக்கிறார்களா, தகப்பன் மட்டுமா, தாய் மட்டுமா, ஒருவரும் இல்லையா. ஒவ்வொன்றுக்கும் முறையான ஒரு சொல் உண்டு. தாய் மட்டும் இருந்தால், அன்புள்ள தாயின் நிழலில் இருப்பவன் என்று எழுத வேண்டும். நாலு தடவை எழுதியிருக்கிறான், ஒரு தடவையும் அந்தச் சொல்லைப் படித்துப் பார்த்ததில்லை. மை உரைத்தான். தூரிகையைத் தோய்த்தான். பெயரை எழுதினான், ஊரை எழுதினான், தகப்பன் பெயரை எழுதி இறந்தவர் என்று குறித்தான். அடுத்த கட்டத்தில் தூரிகை நின்றது. அன்பைக் குறிக்கிற முதல் எழுத்து பனிக்குள் கரைந்தது, எது கண்ணின் பனி, எது கண்ணீர் என்று பிரிக்க முடியவில்லை. அம்மா, நான் திரும்பினேன், திரும்பிப் பார்த்துவிட்டுத்தான் போனேன் என்று சத்தமில்லாமல் சொன்னான். கண்ணீர் திரண்டு மூக்கின் ஓரமாக இறங்கி, மோவாயில் தொங்கியது. தாளில் ஒரு சொட்டுக் கறை பட்டாலும் போதும், அந்தத் தாளைச் சுவரில் ஒட்டி, எழுதியவனைப் பரீட்சையிலிருந்தே விலக்கிவிடுவார்கள். சூபெய் சட்டென்று முகத்தைத் திருப்பி, சொட்டைக் கூடைப் பக்கம் விழவிட்டு, மேலங்கிக் கையால் மோவாயை நன்றாகத் துடைத்துக்கொண்டான். பிறகு குனிந்து தாளைச் சாய்த்துப் பார்த்தான். சுத்தமாக இருந்தது. அந்தச் சொல்லை எழுதி முடித்தான்.